பெக்டரியோடு திரும்பும் பஸ்

கேகாலை பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே ஒரு கொமினிகேஷன் கடையில் வேலை செய்கிறேன். போட்டோ கொப்பி எடுப்பது, போனுக்கு ரீலோட் போடுவது, அடையாள அட்டை விண்ணப்பம் நிரப்பத் தெரியாதவர்களுக்கு நிரப்பிக் கொடுப்பது, இவைதான் வேலை. காலையிலும் பள்ளிக்கூடம் விடும் நேரத்திலும் மூச்சு விட முடியாது. நடுவில் கடை காற்று வாங்கும். அந்த வெறும் பொழுதில்தான் முதலாளியின் மகன் எனக்கு பஸ் ஓட்டக் கற்றுக்கொடுத்தான்.

கணினியில்தான். அவன் சரியான பஸ் பைத்தியம். ஸ்டாண்டில் ஹோர்ன் அடித்தால் தலையைத் தூக்காமலே எந்த ரூட் என்று சொல்வான். என்னை 'அக்கே' என்பான், நான் 'மல்லி' என்பேன், சிங்களத்தில் அக்கா, தம்பி என்று அர்த்தம். எங்களுக்குள் எல்லாப் பேச்சும் சிங்களத்தில்தான். சிங்களம் வராத ரப்பர் தோட்டத்துப் பிள்ளை கேகாலையில் ஒரு பிளேன்டீ கூட நிம்மதியாக வாங்கிக் குடிக்க முடியாது. அவன் பேசியதை இங்கே தமிழில் எழுதுகிறேன், அவ்வளவுதான்.

அந்த விளையாட்டில் சண்டை கிடையாது, வெற்றி தோல்வி கிடையாது. பஸ்ஸை எடுக்க வேண்டும், தரிப்பில் நிறுத்தி ஆளை ஏற்றி இறக்க வேண்டும், கடைசித் தரிப்புவரை கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும். அதோடு வந்த ஊர்களெல்லாம் வெள்ளைக்காரன் ஊர்கள். ஆனால் நம் ஊரை நாமே செய்து அதற்குள் வைக்கலாம். அதற்கு மேப் என்று பெயர். செய்து ஒரு இணையப் பக்கத்தில் போட்டுவிட்டால் யார் வேண்டுமானாலும் இறக்கிக்கொண்டு அந்த ரோட்டில் ஓட்டலாம். நான் தினமும் போகிற பஸ் ரூட்டைச் செய்யலாம் என்று அவன்தான் சொன்னான். கேகாலையிலிருந்து ரம்புக்கனை ரயில் கேட்வரை அவன். அங்கிருந்து பிரிந்து தோட்டத்துக்கு ஏறுகிற ரோடு என்னுடையது.

எங்கள் பஸ் ரப்பர் பெக்டரிக்கு முன்னால் திரும்பிவிடும். அதற்கு மேலும் ரோடு இருக்கிறது, பஸ் போகாது. நடுவில் ஓடைக்கு மேலே மதகு ஒன்று உடைந்து கிடக்கிறது. அதற்கும் அப்பால் தோட்டத்தின் மேல் டிவிசனில் எங்கள் லயங்கள், ஒரே கூரையின் கீழ் வரிசையாகக் கட்டிய வீடுகள். பெக்டரியில் இறங்கி நடக்க வேண்டியதுதான். அரிசியும் தோளில் வரும், காய்ச்சல்காரப் பிள்ளையும் தோளில் போகும், ஆஸ்பத்திரியில் செத்தவர்களின் பெட்டியும் தோளில்தான் வந்து சேரும். தேர்தலுக்குத் தேர்தல் யாராவது வந்து டேப் பிடித்து மதகை அளப்பார்கள். இந்த நாட்டில் இவ்வளவு தடவை அளக்கப்பட்ட மதகு வேறு இருக்காது.

நான் அதை ஒரு மத்தியானத்தில் கட்டி முடித்தேன். உடைந்த இடத்தில் ஒரு துண்டு கொங்கிரீட்டை இழுத்து வைத்தேன், ரோட்டைக் கொஞ்சம் அகலமாக்கினேன், பஸ் ஏறிப் போனது. யாரையும் கேட்கவில்லை, யாரிடமும் கையெழுத்து வாங்கவில்லை. அன்று வீட்டுக்கு நடந்து போகும்போது அந்த மதகைத் தாண்டுகையில் எனக்குச் சிரிப்பு வந்தது.

லயங்களைச் செய்யத்தான் நாள் பிடித்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் வீட்டில் நிற்கும்போது படம் எடுப்பேன். காற்றில் தகரம் பறக்காதிருக்கக் கூரைமேல் போட்ட பழைய டயர்கள், குடும்பத்துக்கு ஒன்றான காம்பரா ஒவ்வொன்றிலும் மாறுகிற சுவர் நிறம், தண்ணீர்க் குழாயடியில் வரிசையாக வைத்த வாளிகள், மாரியம்மன் கோயில், இரண்டாம் லயத்தின் கடைசியில் நிற்கிற பலா மரம், எல்லாவற்றையும் எடுத்தேன். எங்கள் காம்பராவுக்கு முன்னால் அம்மாவின் ரப்பர் பால் வாளியைக் கவிழ்த்து வைத்தேன். ரப்பர் மரங்களுக்கு, மழைத் தண்ணீர் பாலில் இறங்காதிருக்க இடுப்பில் கட்டுகிற பொலித்தீன் பாவாடைகூட விடாமல் கட்டினேன். ஒரு கவளம் சோற்றை வாயில் வைத்துக்கொண்டு அடுத்த சுவரை ஒட்டுவேன். படிப்பை அப்படிப் படித்திருந்தால் எங்கேயோ போயிருப்பாய் என்று முதலாளி கேலி செய்வார். எங்கே போயிருப்பேன், அதே பெக்டரிவரைதான் போயிருப்பேன்.

மேப்பை வெளியிட்டபோது சனங்கள் ஓட்டினார்கள். எங்கே இருக்கிறவர்கள் என்றுகூடத் தெரியாது. ஓட்டியதைப் படமெடுத்துப் போடுவார்கள். அப்படி ஒரு படத்தில் சிவப்பு பஸ் ஒன்று எங்கள் லயத்துக்கு முன்னால் கதவைத் திறந்தபடி நின்றது. பின்னால் கோயில், பக்கத்தில் பலா மரம். நான் அதை வீட்டில் காட்டினேன். அம்மா கையைச் சேலையில் துடைத்துவிட்டு போனை வாங்கிப் பார்த்தார்.

"இது எந்த பஸ்ஸு? கூட்டமே இல்லையே."

"கொம்பியூட்டர் பஸ்ஸும்மா. நான் செஞ்சது."

"எத்தன மணிக்கு வருதாம்?"

பக்கத்துக் காம்பராக்காரர்களும் வந்து எட்டிப் பார்த்தார்கள். ஒருவர் தன் கதவைக் கண்டுபிடித்தார். இன்னொருத்தி, தன் வீட்டுக் கூரையில் டயர் ஒன்று குறைகிறது என்று சண்டைக்கு வந்தாள். மறுநாள் கடைக்குப் போனதும் முதல் வேலையாக அந்த டயரை வைத்தேன். அந்த நாட்களில் நான் சந்தோஷமாக இருந்தேன், அதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை.

பிறகு அந்த விளையாட்டின் இரண்டாம் பாகம் வந்தது. வெயில் நிழல் எல்லாம் நிஜம் மாதிரி, மழை பெய்தால் ரோடு பளபளக்கும். பழையதை ஓட்டுகிறவர்கள் குறைந்தார்கள், எல்லோரும் புதியதற்குப் போனார்கள். பழைய மேப்பைப் புதியதற்குள் மாற்றிக்கொள்ளவும் ஒரு வழி கொடுத்திருந்தார்கள். ஆனால் மாற்றம் அவ்வளவு லேசாக நடக்காது. ரோடும் மரமும் கல்லும் தாமாக வந்து சேரும். கையால் செய்த கட்டடங்கள் வெறும் சாம்பல் நிறப் பெட்டிகளாக வந்து நிற்கும். ஒவ்வொரு பெட்டிக்கும் சுவர், கூரை, கதவு என்று திரும்பவும் ஒட்ட வேண்டும்.

நானே ஒட்டியிருப்பேன். கடைக் கணினி புதிய விளையாட்டைத் திறக்கவே மறுத்தது. அவனுக்கு வீட்டில் புதிய மெஷின் வாங்கிக் கொடுத்திருந்தார்கள், அதில்தான் அது ஓடும். என் படங்களையெல்லாம் அவனிடம் கொடுத்தேன். எது எந்தக் காம்பராவின் சுவர் என்று பக்கத்தில் உட்கார்ந்து சொல்லியும் கொடுத்தேன்.

"எங்க லயம் வந்துடும்தானே மல்லி?"

"வரும் அக்கே. முதலில் டவுன் முடியட்டும்."

டவுன் முடிந்தது. லயம் என்றேன். ரம்புக்கனை கேட் முடியட்டும் என்றான். கேட்டும் முடிந்தது, கம்பி தாழ்கிறபோது மணிகூட அடித்தது. லயம் என்றேன். நகைக் கடைக் கண்ணாடியில் பஸ்ஸின் உருவம் தெரிகிற மாதிரி செய்துகொண்டிருப்பதாகச் சொன்னான். நான் ஒவ்வொரு நாளும் கேட்டேன். கேட்டுக் கேட்டு எனக்கே என்மேல் எரிச்சல் வந்தது. வேலைக்கு மனுக் கொடுத்தவள் மாதிரி ஒரு பையனின் முதுகுக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தேன்.

மேப் வெளிவந்த அன்று அவன் கடைக்கு வரவில்லை. யாரோ ஒருவர் முழு ரூட்டையும் ஓட்டிப் போட்டிருந்த வீடியோவைக் கடைக் கணினியில் திறந்தேன். கேகாலை ஸ்டாண்ட் அப்படியே இருந்தது, எங்கள் கடையின் போர்டுகூட இருந்தது. ரம்புக்கனை கேட்டில் பஸ் நின்றது, ரயில் போனது. ரோடு பிரிந்தது. என் ரப்பர் மரங்கள் ஒன்றுவிடாமல் பாவாடையோடு நின்றன. பெக்டரி வந்தது. நான் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டேன். பஸ் வேகத்தைக் குறைத்தது, ஸ்டியரிங் வலப்பக்கம் சுழன்றது, பெக்டரி முற்றத்தில் ஒரு வட்டமடித்து டவுன் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றது. கடைசித் தரிப்பு என்று எழுத்து வந்தது. மேலே போகிற ரோட்டின் வாயில் ஒரு மரக்கட்டையைக் குறுக்கே போட்டிருந்தான்.

மறுநாள் அவன் வந்ததும், போட்டோ கொப்பிக்கு இரண்டு பேர் நிற்கும்போதே கேட்டேன்.

"லயம் எங்க?"

"ஐயோ அக்கே, அந்த இடத்தில் மெஷின் திணறுகிறது. குட்டிக் குட்டியாக எவ்வளவு சாமான், டயர், வாளி. எல்லாம் ஒட்டிக்கொண்டிருந்தால் வருஷம் போய்விடும்."

"நகைக் கடைக் கண்ணாடிக்கு நேரம் இருந்துச்சே."

அவன் முகம் சுருங்கியது. கெட்ட பையன் இல்லை. அப்படி இருந்திருந்தால் எனக்கு லேசாக இருந்திருக்கும். கொஞ்சம் யோசித்துவிட்டு, தணிந்த குரலில் சொன்னான்.

"பழைய மேப்பில் அது பிழை என்று நிறையப் பேர் எழுதியிருந்தார்கள் அக்கே. அந்த ரூட்டில் நிஜமாக வேலை செய்கிற கொண்டக்டர் ஒருவரும் எழுதியிருந்தார். பஸ் மேலே போவதில்லை, பெக்டரியோடு திரும்பும் என்று. நீங்களும் அங்கே இறங்கித்தானே நடக்கிறீர்கள்?"

அவன் சொன்னதில் பொய் எங்கே இருக்கிறது? பொய் சொன்னவள் நான்தான், இல்லாத மதகைக் கட்டி, வராத பஸ்ஸை வரவழைத்தவள். அவன் அதைத் திருத்தியிருக்கிறான். கேகாலையில் இல்லாத வெயிலை அவன் போடலாம், ஓட்டை உடைசல் பஸ்ஸுக்குப் பளபளவென்று பெயின்ட் அடிக்கலாம், ஒரு குழிகூட இல்லாமல் ரோடு போடலாம். அதெல்லாம் பிழையில்லை. எங்கள் வாசலுக்கு ஒரு பஸ் வந்தால் மட்டும் எல்லோருக்கும் நிஜம் ஞாபகம் வந்துவிடுகிறது. இதை அப்போதே அவன் முகத்துக்கு நேரே சொல்லியிருக்க வேண்டும். வார்த்தை சிங்களத்திலும் வரவில்லை, தமிழிலும் வரவில்லை. நின்றவர்களுக்குக் கொப்பி எடுத்துக் கொடுத்தேன்.

வீட்டில் அம்மாவிடம் சொன்னேன். அடுப்பை ஊதிக்கொண்டிருந்தார்.

"நெசத்துலயே வராத பஸ்ஸு, அதுல வந்தா என்ன, வராட்டி என்ன. சாப்புடு வா."

எனக்கு அம்மாமேல்தான் அதிகக் கோபம் வந்தது. எதையும் எதிர்பாராமல் இருக்க இவ்வளவு நன்றாக இவருக்கு யார் பழக்கினார்கள் என்று நினைத்தேன். அன்று நான் சாப்பிடவில்லை. அவரும் வற்புறுத்தவில்லை.

நான் அவனோடு பேச்சைக் குறைத்துக்கொண்டேன். அது அவனுக்கு உறுத்தியிருக்க வேண்டும். அடுத்த வாரம் கடைக்குள் வரும்போதே முகமெல்லாம் சிரிப்பு.

"அக்கே, லயம் போட்டுவிட்டேன். வந்து பாருங்கள்."

எழுந்து ஓடினேன். அவன் போனில் வீடியோவை ஓட்டிக் காட்டினான். பஸ் பெக்டரி முற்றத்தில் திரும்புகிறது. திரும்பும்போது கண்ணாடிக்கு வெளியே, மேலே மலையில், லயங்கள் தெரிகின்றன. கூரைகள், கோயில், பலா மரம். என் படங்களில் ஒன்றைப் பெரிதாக்கி, திரைச்சீலை மாதிரி மரங்களுக்குப் பின்னால் நிறுத்தியிருந்தான். கதவு கிடையாது, உள்ளே இடம் கிடையாது. பக்கத்தில் போனால் வெறும் தாள். ஆனால் பக்கத்தில் போகத்தான் யாருக்கும் வழியில்லையே.

"தூரத்தில் பார்க்க நிஜம் மாதிரியே இருக்கிறது, இல்லையா?"

"ம்," என்றேன்.

டவுன் எங்களைப் பார்க்கிற தூரம் அதுதான். அதைவிடச் சரியாக யாரும் அளந்திருக்க முடியாது. அவனுக்கு அது தெரிந்து செய்ததில்லை என்பதுதான் என்னை அதிகமாகச் சுட்டது.

அந்தக் காட்சி எல்லோருக்கும் பிடித்துவிட்டது. மேப்பின் பக்கத்தில் கீழே வரிசையாக எழுதினார்கள். கொள்ளை அழகு என்றார் ஒருவர். அந்த மலையைப் பார்த்தாலே மனம் லேசாகிறது என்றார் இன்னொருவர். பஸ்ஸை அங்கேயே நிறுத்திவிட்டுச் சும்மா பார்த்துக்கொண்டிருக்கலாம் என்று ஒருத்தி எழுதியிருந்தாள். ஒவ்வொன்றாகப் படித்தேன். அவன் எனக்குப் பக்கத்து மேசையில் உட்கார்ந்து அவர்களுக்கெல்லாம் பதில் போட்டுக்கொண்டிருந்தான். கை நீட்டினால் அவன் தோளைத் தொடலாம்.

நான் என் போனை எடுத்து, அதே இடத்தில், என் கணக்கிலிருந்தே சிங்களத்தில் எழுதினேன்: "அது காட்சி இல்லை. வீடுகள். உள்ளே நாங்கள் இருக்கிறோம்."

அவன் திரையில் அது போய் விழுவதைப் பார்த்தேன். அவன் அதைப் படிப்பதையும் பார்த்தேன். விரல் கொஞ்சம் நின்றது. பிறகு மற்றவர்களுக்குப் போட்டதையே எனக்கும் போட்டான், ஆதரவுக்கு நன்றி, பக்கத்தில் ஒரு சிவப்பு இதயம். திரும்பிப் பார்க்காமலே, போட்டோ கொப்பித் தாள் இருக்கிறதா அக்கே என்று கேட்டான். இருக்கிறது என்றேன்.