என் குரலை நம்பாத கிராணி

குமுதவல்லிக்கு நான் தர வேண்டியிருந்தது மூவாயிரத்து அறுநூறு வெள்ளி. வேலை செய்த மாதமும் நோட்டீஸ் மாதமும் சேர்த்து இரண்டு மாதச் சம்பளம். கையில் இல்லாமல் இல்லை, வேண்டுமென்றே பிடித்து வைத்தேன்.

நான் மூன்றாம் வகுப்போடு நின்றவன். பதின்மூன்று வயதில் ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டப் போனேன். இன்று கோலா பிலாவில் எண்ணெய் ஆலைக்குச் செம்பனைக் குலை ஏற்றும் பதினோரு லாரி எனக்கு. ஒன்றுக்கும் தவணை பாக்கி கிடையாது. என் வளர்ச்சியைப் பார்த்தவர்கள் இன்னும் வாயைப் பிளக்கிறார்கள்.

குமுதவல்லி என் ஆபீஸ் கிராணி, கணக்கெழுதுவதும் பணம் அனுப்புவதும் அவள்தான். அவள் அப்பா சன்னாசியும் நானும் ஒரே தோட்டத்து லயத்து வீடுகளில் வளர்ந்தவர்கள். புருஷன் போன பிறகு இந்தச் சம்பளத்தில்தான் மகளைப் படிக்க வைத்தாள். பதினான்கு வருஷத்தில் ஒரு காசு பிசகியதில்லை.

போன வருஷம், இணையத் திருட்டைத் தடுக்கப் பயிற்சி எடுத்தே ஆகவேண்டும் என்று ஆலைக்காரர்கள் சொல்லிவிட்டார்கள். நீலாயிலிருந்து ஃபெலிசியா என்ற பெண் வந்தாள். ஆளுக்கொரு வேஷம் கொடுத்தாள்.

"அங்கிள், நீங்கதான் திருடன். உங்க குரல்லயே பேசிப் பணம் கேக்குறான்."

விதி ஒன்றுதான். எவ்வளவு அவசரமானாலும் போனை வைத்துவிட்டு, சுவரில் ஒட்டியிருக்கும் என் நம்பருக்குத் திருப்பி அடிக்க வேண்டும். நானே கையெழுத்துப் போட்ட விதி.

பக்கத்து அறையிலிருந்து வேறொரு போனில் கூப்பிட்டேன். கூடவே டிரைவர்கள் வேடிக்கை பார்த்து நின்றார்கள். "முதலாளி பேசறேன். டீசல் கம்பெனி புது அக்கவுண்ட் குடுத்திருக்கான். நாப்பதாயிரம் இப்பவே போடு. காது அடைச்சிருச்சா?"

"திருப்பிக் கூப்பிடுறேங்க" என்றாள். வைத்துவிட்டாள். அடுத்த நிமிஷம் என் சட்டைப்பையில் மணி அடித்தது.

"திருடன் பாக்கெட்டுல முதலாளி இருக்காரு லா" என்றான் டிரைவர் மாயாண்டி. எல்லாரும் சிரித்தார்கள். ஃபெலிசியா கை தட்டினாள். எனக்கு முகம் எரிந்தது.

மறுநாள் குமுதவல்லியைக் கூப்பிட்டேன். "என் போனை வைக்கிற கை எனக்கு வேணாம்."

"அது பயிற்சிதானே, முதலாளி."

"மன்னிப்புக் கேட்டுட்டு சம்பளத்த வாங்கிக்க."

அவள் மன்னிப்புக் கேட்கவில்லை, போய்விட்டாள். அந்த மேசையில் மருமகன் குணாளனை உட்கார வைத்தேன்.

ஐந்து வாரத்தில் நிஜமான திருடனின் அழைப்பு வந்தது. என் எழுபதாவது பிறந்தநாள் பேச்சை நானே பெருமையாக முகநூலில் போடச் சொல்லியிருந்தேன். அதிலிருந்து என் குரலைக் கம்ப்யூட்டரில் செய்திருப்பார்களாம். குணாளன் அறுபத்திரண்டாயிரம் அனுப்பிவிட்டான். போலீஸுக்கும் போனேன், பேங்குக்கும் போனேன். ஒரு வெள்ளி திரும்பவில்லை.

"ஏன்டா திருப்பி அடிக்கல?"

"குமுதவல்லி அடிச்சதுக்கு என்ன நடந்துச்சுன்னு பாத்தேன்ல, மாமா."

பெட்டியைத் திறந்து குமுதவல்லியின் சம்பளத்தை எடுத்தேன்.

பணத்தோடு வருகிறேன் என்று சொல்ல அவளுக்குப் போன் செய்தேன். வைத்துவிட்டாள். பிறகு அவளே என் நம்பருக்கு அடித்தாள். "இப்ப சொல்லுங்க."

மந்தின் டவுனில் ஒரு இரும்புக்கடையில் இப்போது பில் போடுகிறாள், அங்கே போனேன். உட்காரச் சொல்லவில்லை.

"திரும்பி வந்துரு. இருநூறு கூட்டித் தரேன்."

"அடுத்த பயிற்சியிலயும் உங்க போனை வைப்பேன். அன்னிக்கும் அவங்க சிரிப்பாங்க. என்ன செய்வீங்க?"

ஒன்றும் செய்யமாட்டேன் என்று சொல்லியிருக்கலாம். அது பொய் என்று அவளுக்கும் தெரியும்.

கையை விரித்து நீட்டினாள். நான் சத்தமாக எண்ணி வைத்தேன், நூறு வெள்ளி நோட்டு முப்பத்தாறு.