காஜிமார் தெருவில் சகுந்தலாக்காவின் கிண்ணம்

தேர்வு அறையில் மேற்பார்வை செய்துகொண்டிருந்தபோது கைப்பையில் செல்போன் அதிர்ந்தது. எடுக்கவில்லை. மாணவிகளுக்குச் சொல்லும் விதி எனக்கும் உண்டு. மணி அடித்து, விடைத்தாள்களைக் கட்டிக் கொடுத்துவிட்டு வராந்தாவுக்கு வந்து பார்த்தேன். சகுந்தலாக்காவின் மகள் ஹேமா பலமுறை அழைத்திருந்தாள். திரும்ப அழைத்தேன். "மிஸ், அம்மா காலைல போயிட்டாங்க" என்றாள். அவள் அழவில்லை. "எத்தனை மணிக்கு எடுக்கிறீர்கள்?" என்று நான் கேட்டேன். அந்த நேரத்தில் வேறு என்ன கேட்பது என்று எனக்குத் தெரியவில்லை.

சகுந்தலாக்கா பின்னால் மதுரையின் பழைய தெருக்களில் நடந்து சாப்பிட்டவர்கள் பலர் இதைப் படிக்கக்கூடும். சென்னையிலிருந்தும் வெளிநாட்டிலிருந்தும் வந்த நீங்கள் அவரை மூன்று மணி நேரம் அறிந்திருப்பீர்கள். நான் ஏறக்குறைய பத்து ஆண்டுகள் அறிந்தேன். இறந்தவர்களைப் பற்றி எழுதும்போது கை தானாக இனிப்பைக் கூடுதலாகப் போட்டுவிடும். அப்படி ஆகாமல் எழுதப் பார்க்கிறேன்.

அவர் முதலில் தட்டச்சுப் பள்ளி ஆசிரியை. தெற்கு மாசி வீதியை ஒட்டிய ஒரு சந்தில், மாடியில், கணவர் விட்டுப்போன டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட்டை நடத்திக்கொண்டிருந்தார். தொண்ணூறுகளின் கடைசியில் ஊரெங்கும் கம்ப்யூட்டர் சென்டர்கள் வந்தன. மாடி காலியாகிக்கொண்டே வந்தது. டவுன்ஹால் ரோட்டில் டிராவல்ஸ் வைத்திருந்த ஒருவர், வெளியூர்க்காரர்களைத் தெருத்தெருவாக நடத்திக் கூட்டிப்போய்ச் சாப்பாடு காட்ட ஒருவர் வேண்டும் என்று கேட்டபோது, "எனக்கு இங்கிலீஷ் டைப் அடிக்கத்தான் தெரியும், பேசத் தெரியாது" என்று சொல்லியிருக்கிறார். பிறகு பேசினார். அவருடைய ஆங்கிலம் அலுவலகக் கடிதம்போல் இருக்கும். பருத்திப்பால் டம்ளரைக் கையில் கொடுத்து, 'கைண்ட்லி அக்னாலெட்ஜ்' என்பார். வெளிநாட்டுக்காரர்கள் சிரித்துக்கொண்டே குடிப்பார்கள்.

நான் இதில் எப்படி வந்தேன் என்றால், வழியில் சொல்லும் வரலாற்றைச் சரிபார்க்க டிராவல்ஸ்காரர் என்னைக் கேட்டிருந்தார். வேண்டாவெறுப்பாகத்தான் போனேன். நாயக்கர் மஹாலுக்கு அருகே பத்துத்தூண் சந்தில் தொடங்கி, முள்ளுமுருங்கை இலை அரைத்துப் பூரி போடும் கடைக்கு வந்தோம். நாயக்க மன்னரே இந்தப் பூரியைக் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார் என்று சகுந்தலாக்கா அறிவித்தார். நான் மெல்லிய குரலில், "இதற்கு ஆதாரம் உண்டா?" என்றேன். அவர் கூட்டத்தின் பக்கம் திரும்பினார். "மேடம் காலேஜ்ல ஹிஸ்டரி. ஆதாரம் கேக்குறாங்க. ஆதாரம் இல்ல. பூரி இருக்கு. சூடு ஆறிரும், சாப்பிடுங்க."

எனக்குக் கோபம் வந்தது. ஆனால் அடுத்த வாரம் நான் மறுபடி போனபோது, அதே கடையில், "மன்னர் சாப்பிட்டதா சொல்வாங்க, மேடம் ஒத்துக்க மாட்டாங்க" என்று மாற்றிச் சொன்னார். அதன்பின் ஒவ்வொரு கதைக்கும் இரண்டு பகுதிகள் இருந்தன: சொல்வாங்க, மேடம் ஒத்துக்க மாட்டாங்க. இரண்டையும் ஒரே மரியாதையோடு சொன்னார். பூரிக்காரம்மாவும் அவரும் தங்கள் சௌராஷ்டிர மொழியில் பேசி என்னைப் பார்த்துச் சிரிப்பார்கள். என்னவென்று கேட்டால், "உங்களுக்கு எண்ணெய நல்லா வடிச்சுக் குடுக்கச் சொன்னேன்" என்பார். நம்பும்படி இருக்காது.

தெருவில் சாப்பிட அஞ்சுபவர்களை அவர் கையாண்ட விதத்தையும் சொல்ல வேண்டும். கோயம்புத்தூரிலிருந்து வந்த ஒருவர், இட்லிக் கடையில் தட்டை வாங்கியதும் கைக்குட்டையால் அழுத்தி அழுத்தித் துடைத்தார். கடைக்காரர் முகம் சுருங்கியது. சகுந்தலாக்கா அவர் அருகில் போய் நின்று, "சார், தொடைங்க, தப்பில்ல. அவரு பாக்குற மாதிரி தொடைக்காதீங்க" என்றார். அந்த மனிதர் திரும்பி நின்று துடைத்தார். மூன்று இட்லி கூடுதலாகவும் வாங்கினார். "வயித்துக்குப் பயப்படலாம், ஆளுக்குப் பயப்படக்கூடாது" என்று பிறகு என்னிடம் சொன்னார் சகுந்தலாக்கா.

காஜிமார் தெருவில் பாத்திமாவின் வீடுதான் எப்போதும் கடைசி. கடை இல்லை, வீட்டின் முன்னறையில் பாய் விரித்து, வட்டிலப்பமும் சமோசாவும் கொடுப்பார். முட்டையும் தேங்காய்ப்பாலும் சர்க்கரையும் சேர்த்து வேகவைத்த அந்த வட்டிலப்பத்துக்காகவே சிலர் மறுபடி வந்தார்கள். சகுந்தலாக்கா வீடு சைவம். அவர்கள் சமூகத்தில் எல்லாரும் அப்படி இல்லை. அவர் வீட்டில் முட்டைகூட ஏறாது. அதனால் பாத்திமா அவருக்கென்று கடற்பாசியைப் பாலில் காய்ச்சி, ரோஜா நிறத்தில் ஆறவைத்திருப்பார். அதற்கு ஒரு தனி எவர்சில்வர் கிண்ணம். சகுந்தலாக்காவே பாத்திரக்கடையில் வாங்கி, 'கே.ஆர். சகுந்தலா' என்று பேர் வெட்டி அந்த வீட்டில் கொண்டுவந்து வைத்தது.

எனக்கு அந்தக் கிண்ணம் உறுத்தியது. தனிக் கிண்ணம், தனி டம்ளர் என்பதெல்லாம் இந்த ஊரில் எங்கிருந்து வருகிறது என்று எனக்குத் தெரியும். ஒருநாள் பாத்திமாவிடம் தனியாகக் கேட்டேவிட்டேன். அவர் சமோசா மடிப்பதை நிறுத்தவில்லை.

"டீச்சர், கிண்ணம் முட்டைக்காகத்தானே தனி, எனக்காகவா தனி? உக்காருறது ஒரே பாய்தானே?" பிறகு உரக்கச் சொன்னார், உள்ளே இருந்த சகுந்தலாக்காவுக்கும் கேட்கும்படி: "எங்க மாமியா பேர்லகூட இந்த வீட்ல ஒரு பாத்திரம் கெடையாது. இந்த அக்கா பேர்ல இருக்கு. நாளைக்கு வீட்டையே எழுதிக் கேட்டாலும் கேக்கும்."

"வீடு வேணாம், உன் கைய எழுதிக் குடு, போதும்" என்றார் சகுந்தலாக்கா.

ஹேமாவுக்கு வரன் பார்க்க ஆரம்பித்தது இந்தக் காலத்தில்தான். அவள் என் கல்லூரியில் பி.காம். முடித்து ஒரு ஆடிட்டர் அலுவலகத்தில் வேலை பார்த்துக்கொண்டிருந்தாள். முனிச்சாலைப் பக்கம் ஒரு குடும்பம். பையன் நல்ல வேலை. ஜாதகம் பொருந்தி, பெண் பார்த்து, இரண்டு பேருக்கும் பிடித்தும் போயிருந்தது. நிச்சயத்துக்கு நாள் குறிக்க வேண்டியதுதான். தகப்பன் இல்லாத பெண். தட்டச்சுப் பள்ளியையும் மூடியாகிவிட்டது. சகுந்தலாக்காவுக்கு இதைவிடப் பெரிய கவலை ஒன்று இருந்ததாக எனக்குத் தோன்றவில்லை.

ஒரு சனிக்கிழமை மாலை, நடை கிளம்பும் இடத்தில் அவர் என் கையைப் பிடித்து ஓரமாக இழுத்தார். "கொழுந்தன் போன் பண்ணாரு. நான் காஜிமார் தெருவுல ஒரு வீட்ல உக்காந்து சாப்பிடுறேன்னு பையன் வீட்ல யாரோ சொல்லிட்டாங்களாம். அந்தா, அரக்குச் சேலை, தங்க ஃபிரேம் கண்ணாடி, பாத்தீங்களா? பையனோட பெரியம்மா. டிக்கெட் வாங்கிட்டு வந்துருக்காங்க. என்னயப் பாக்கத்தான்."

"கொழுந்தனார் என்ன சொல்கிறார்?"

"இன்னைக்கு ஒரு நாள் அந்த வீட்டுக்குப் போகாதீங்க அண்ணிங்கிறாரு. போனாலும் வாசலோட நின்னுக்கங்கன்னாரு."

"நிற்கப் போகிறீர்களா?"

"நடப்போம் டீச்சர், வாங்க" என்றார்.

அன்று அவர் எதையும் குறைக்கவில்லை. பூரிக்கடையில் மன்னர் வந்தார், மேடம் ஒத்துக்கொள்ளவில்லை. விளக்குத்தூண் அருகே பருத்திப்பால் வாங்கிக் கொடுத்தார். பெரியம்மா எல்லாவற்றையும் கொஞ்சமாக ருசி பார்த்தார். நல்ல கேள்விகளும் கேட்டார். கெட்ட மனுஷி இல்லை. பெண் கொடுக்கிற இடத்தைப் பற்றி மட்டுமல்ல, பெண் எடுக்கிற இடத்தைப் பற்றியும் விசாரிக்கப் பழக்கப்பட்டவர், அவ்வளவுதான்.

பாத்திமா வீட்டுக்குள் நுழைந்தபோது ஏதோ சரியில்லை என்று தெரிந்தது. எப்போதும், "வாங்கக்கா, வெயில்ல கருத்துட்டீங்க" என்று தொடங்குபவர், அன்று எல்லாரையும் பொதுவாகப் பார்த்து, "வாங்க, உக்காருங்க" என்றார். சகுந்தலாக்காவைப் பார்த்து, "கைடம்மா, நீங்க அப்படி வாசப்பக்கம் நில்லுங்க, காத்து வரும்" என்றார். கைடம்மா! பிறகுதான் எனக்குத் தெரிந்தது, ஹேமா மத்தியானமே அவருக்குப் போன் செய்து, 'பாத்திமா அத்தே, இன்னைக்கு மட்டும் அம்மாவைத் தெரியாத மாதிரி இருங்க' என்று கெஞ்சியிருந்தாள். அந்தப் பெண்ணுக்காகப் பாத்திமா கிண்ணத்தை அரிசிப் பானைக்குப் பின்னால் ஒளித்துவைத்திருந்தார்.

எல்லாருக்கும் வட்டிலப்பம் வந்தது. பெரியம்மா வேண்டாம் என்று கையசைத்துவிட்டுப் பாயின் ஓரத்தில் உட்கார்ந்திருந்தார். சகுந்தலாக்கா நிலைப்படி அருகே நின்றார். இனி கிளம்ப வேண்டியதுதான் என்று நான் ஆறுதலாக மூச்சுவிட்ட நேரத்தில் அவர் குரல் கேட்டது. தட்டச்சு வகுப்பில் பின்வரிசைக்குக் கேட்க வேண்டிய அதே குரல்.

"பாத்திமா, என் கிண்ணம் எங்க?"

"எந்தக் கிண்ணம்?" என்றார் பாத்திமா.

"என் பேரு வெட்டுன கிண்ணம்டீ. இன்னைக்குக் கடற்பாசி காய்ச்சலையா?"

பாத்திமா அவரையும் பெரியம்மாவையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு உள்ளே போனார். பாத்திரம் உருளும் சத்தம் கேட்டது. கிண்ணத்தோடு வந்தபோது அவர் கண்கள் சிவந்திருந்தன. அப்படியும் காய்ச்சி வைத்திருந்தார். சகுந்தலாக்கா பாயில் வழக்கமான இடத்தில் உட்கார்ந்து, கடற்பாசி என்றால் என்ன, நோன்பு மாதத்தில் அதை ஏன் செய்கிறார்கள் என்று கூட்டத்துக்கு விளக்கிக்கொண்டே, கிண்ணத்தை வழித்துச் சாப்பிட்டார். கிளம்பும்போது பெரியம்மா, "நல்லா நடத்துறீங்க" என்றார். அது உண்மையான பாராட்டாகவே எனக்குப் பட்டது.

பிறகு அந்த வீட்டிலிருந்து சொல்லி அனுப்பினார்கள்: ஜாதகத்தை இன்னொரு இடத்தில் பார்த்ததில் அவ்வளவு சரியாக இல்லையாம்.

இதில் சகுந்தலாக்காவைக் கொண்டாடியவர்கள் யாரும் இல்லை. பாத்திமா கொதித்தார். "நான் மானத்த விட்டு மறைச்சு வச்சேன். ஒரு அஞ்சு நிமிஷம் வாய மூடிட்டு நிக்க முடியல உங்களால. அவ எனக்கும் புள்ளதான். உங்க கிண்ணத்த எடுத்துட்டுப் போங்க" என்று அடுத்த நடையில் எல்லார் முன்னாலும் திட்டினார். சகுந்தலாக்கா பாயில் உட்கார்ந்தே இருந்தார். அன்று அவருக்கு எதுவும் கிடைக்கவில்லை. அதற்கடுத்த முறை, 'நங்' என்று கிண்ணத்தை அவர் முன்னால் வைத்துவிட்டுப் போனார் பாத்திமா. ரோஜா நிறம் இல்லை, வெறும் பால். நிறம் திரும்பி வரச் சில வாரங்கள் ஆயின.

ஹேமா தல்லாகுளத்தில் என் வீட்டுக்கு வந்தாள். அம்மாவோடு அவள் பேசுவதை நிறுத்தியிருந்தாள். "மிஸ், எனக்கு அந்தப் பையனப் பிடிச்சிருந்துச்சு. அம்மா ஒரு நாள் நின்னுக்கிட்டு இருந்தா என்ன கொறைஞ்சிருக்கும்?" என்று கேட்டாள். அந்தக் கேள்வி நியாயமானது என்றே இன்றும் நினைக்கிறேன்.

பின்னால் அவனியாபுரத்திலிருந்து ஒரு வரன் வந்தது. இந்த முறை சகுந்தலாக்கா ஜாதகத்தைக் கையில் வைத்துக்கொண்டு, முதலிலேயே பையனின் தகப்பனாரிடம் சொல்லிவிட்டார். நானும் அங்கே இருந்தேன். "வாரத்துக்கு ரெண்டு நாள் காஜிமார் தெருவுல பாத்திமான்னு ஒருத்தி வீட்ல சாப்பிடுவேன். அவளும் கல்யாணத்துக்கு வருவா, முதப் பந்தியில உக்காருவா. சரின்னா இதப் பிரிச்சுப் பாருங்க." அவர், "அங்க வட்டிலப்பம்னு ஒண்ணு போடுவாங்களே, அந்த வீடா?" என்றார். ஹேமா அங்கேதான் வாழ்க்கைப்பட்டாள், நன்றாக இருக்கிறாள். முதல் வரனைவிட நன்றாகவா என்று எனக்குத் தெரியாது. நடக்காததோடு நடந்ததை ஒப்பிடும் வழி யாருக்கும் இல்லை. தாயும் மகளும் எப்போது மறுபடி பேசத் தொடங்கினார்கள் என்பதும் தெரியாது. பிரசவத்துக்கு வந்திருந்தபோது இருவரும் சண்டை போட்டுக்கொண்டிருந்ததைப் பார்த்து, சரியாகிவிட்டது என்று புரிந்துகொண்டேன்.

மூட்டுவலியும் பிறகு இதயமும் அவரை வீட்டோடு உட்காரவைத்தன. கடைசியாகப் பார்க்கப் போன காலையில், பல வருடங்களாகக் கேட்க நினைத்ததைக் கேட்டேன். அந்தப் பெரியம்மா பார்த்துக்கொண்டிருக்கிறார் என்று தெரிந்தும், மகள் வாழ்க்கை அதில் தொங்குகிறது என்று தெரிந்தும், வேண்டுமென்றேதான் அன்று கிண்ணத்தைக் கேட்டீர்களா? பாத்திமாவின் மரியாதைக்காகவா? ஒரு கொள்கையாகவா?

சகுந்தலாக்கா தலையணையில் சாய்ந்தபடி என்னைப் பரிதாபமாகப் பார்த்தார்.

"பசிச்சுச்சு டீச்சர். அம்புட்டு தூரம் நடந்துருந்தோம். எப்பவும் பசிச்சா அவகிட்டத்தான கேப்பேன், கேட்டேன்."

என் தொழில் அப்படி. அந்தப் பதிலுக்குப் பின்னால் வேறு காரணங்கள் இருந்திருக்கும் என்று என்னால் ஒரு கட்டுரையே எழுத முடியும். எழுதப்போவதில்லை. அவருக்குப் பசித்தது, கேட்டார். அவரிடமிருந்து எனக்கென்று நான் எடுத்துவைத்துக்கொள்வது இந்தப் பதில் ஒன்றைத்தான், அவர் சொன்னபடியே.