ஆணியில் தொங்கும் துளசி மாலை

அண்ணன் கழற்றி மாட்டிய துளசி மாலை, நகரி வீட்டுத் தறிக்கூடத்துச் சுவரில் அதே ஆணியில்தான் இன்னும் தொங்குகிறது. ஆற்றில் விட்டுவிடச் சொல்கிறார் அண்ணி. அதைப் பார்த்தாலே எனக்கு எரிச்சல் பொங்கிக்கொண்டு வருகிறது.

வருஷம் முழுக்கக் குடிப்பான். கார்த்திகை பிறந்தால் சபரிமலைக்கு மாலை போட்டுக்கொள்வான். பச்சைத் தண்ணீர்க் குளியல், கறுப்பு வேட்டி, வெறுங்கால். நாற்பத்தொரு நாளும் ஒரு சொட்டு தொடமாட்டான். அவனைக் கண்டாலே விலகிப் போன தெரு "வாங்க சாமி" என்று கூப்பிடும். அண்ணியும் சாமி என்பார், நானும் சாமி என்பேன். மலைக்குப் போய்வந்து மாலையை இறக்கிய அன்றே பழையபடி கடைவாசலில் நிற்பான். சே, என்ன குடும்பம் நாங்கள்! அந்த நாற்பத்தொரு நாளே போதும் என்று இருந்துவிட்டோம். வைத்தியம் பார்க்கலாம் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை.

போன வருஷம் மாலை போட்ட மூன்றாம் நாள், திருப்பதி லாட்ஜ் வேலையிலிருந்து லீவில் வந்திருந்தேன். காபி டம்ளரைப் பிடிக்க முடியாமல் வேட்டியெல்லாம் கொட்டிக்கொண்டான். உடம்பு வேர்த்து ஊற்றியது.

"டேய், கை நிக்க மாட்டேங்குதுடா. திருப்பதி ஆஸ்பத்திரிக்கு இட்டுக்கினு போ."

"மாலை போட்டுக்கினு டேய்னு பேசலாமா சாமி? சரணம் சொல்லுங்க, எல்லாம் சரியாப் பூடும்" என்றேன். புத்தி எங்கே போயிருந்ததோ எனக்கு!

அன்று சாயங்காலம் அவனே மாலையைக் கழற்றி, கண்ணில் ஒற்றி, ஆணியில் மாட்டிவிட்டுப் போனான். திரும்பி வந்தவனைத் தெருவே கேட்கக் கத்தினேன். "பாதியில கழட்டிட்டியே, பாவி!"

"கழுத்துல வெச்சிக்கினு குடிச்சாத்தான்டா பாவம்" என்றான். அதற்குப் பிறகு ஆஸ்பத்திரி என்ற வார்த்தையை அவன் எடுக்கவில்லை.

மாசியில் கண் மஞ்சளாகி, வயிறு வீங்கிய பிறகுதான் தூக்கிக்கொண்டு ஓடினேன். முன்பே ஏன் அழைத்து வரவில்லை என்று டாக்டர் தெலுங்கில் கேட்டார். பத்தாம் நாள் அண்ணன் போய்விட்டான்.

மறுபடி கார்த்திகை பிறந்துவிட்டது. தெருவெல்லாம் கறுப்பு வேட்டி, சரண கோஷம். ஆற்றில் விட்டுவிடலாம் என்று மாலையை எடுக்க ஆணிவரை போன கை அப்படியே நின்றுவிட்டது. அன்றைக்கு என்னிடம் கேட்டது சாமி இல்லை, என் அண்ணன். நான் சாமிக்குத்தான் பதில் சொன்னேன்.