நாலு ஜக்குத் தண்ணீர்

என் குளியலறையில் ஒரு மஞ்சள் பிளாஸ்டிக் ஜக்கு இருக்கிறது. கைபிடி வெடித்து, உள்ளே வெள்ளைக் கறை ஏறி, பக்கத்தில் இருந்த அளவுக் கோடுகளும் பாதிக்கு மேல் அழிந்துவிட்டன. பாரிசுக்கு வெளியே, வில்லியே லே பெலில் இந்த வீட்டுக்குக் குடிவந்த நாள் முதல் மகள் அதைக் குப்பையில் போடப் பார்க்கிறாள். நானும் எடுத்தெடுத்து வைக்கிறேன். ஷவர் இருக்கிற வீட்டில் எதற்கு ஜக்கு என்பது அவளுடைய கேள்வி. ஊற்றிக் குளித்துப் பழகிவிட்டது என்று சொல்லித் தப்பிவிடுவேன். அது முழுப் பொய்யும் இல்லை. போன மாதம் ஒரு ஸ்பானிய நடிகன் தொடர் ஒன்றில் தன் தலையில் தண்ணீர் ஊற்றிக்கொண்டதைப் பார்த்து ஊர் உலகமெல்லாம் அழுததாம். அவன் அந்த நடிப்பைப் பார்த்துப் பிடித்துக்கொண்டது இந்த ஜக்கில் இருந்துதான்.

பாரிசில் எங்கள் ஆட்களின் கடைத்தெருவான லா சப்பலில், விசேட வீடுகளுக்குச் சாப்பாடு செய்து கொடுக்கிற ஒரு கடையின் பின்பக்கச் சமையலறையில் நான் ஆறு வருடம், உள்ளே கறி வைத்துச் சுற்றிப் பொரிக்கிற றோல்ஸ் சுற்றினேன். அங்கேதான் அவன் வந்து சேர்ந்தான். வயது இருபத்திரண்டு இருக்கும். மத்தியானத்துக்குப் பிறகு நடிப்புப் பள்ளி, காலையில் எங்களோடு உருளைக்கிழங்கு. நாங்கள் அவனை ஸ்பெயின்காரத் தம்பி என்போம். மற்றவர்கள் கூப்பிடுவதைப் பார்த்து அவனும் என்னை அக்கா என்பான். நாங்கள் பேசிக்கொண்டது பிரெஞ்சு. அவனுடைய பிரெஞ்சும் என்னுடைய பிரெஞ்சும் இரண்டு பக்கத்திலும் நொண்டியதால் ஒருவர் முன் ஒருவருக்கு வெட்கம் இருக்கவில்லை.

உருளைக்கிழங்கு உரிப்பதில் அவன் படு மோசம். பாதிக் கிழங்கு தோலோடு போய்விடும். ஆனால் ஆட்களை உரிப்பதில் கெட்டிக்காரன். முதலாளி தொலைபேசியில் கதைக்கும்போது வயிற்றைத் தடவுவது, சமையல் அண்ணை உப்புப் பார்த்துவிட்டு மேலே பார்ப்பது, மகள் பெரியபிள்ளையான சாமத்தியவீட்டுக்குச் சாப்பாடு சொல்ல வருகிற தாய்மார் ஒவ்வொரு பலகாரத்துக்கும் முகத்தைச் சுளிப்பது, எல்லாவற்றையும் இரண்டு நாளில் பிடித்துவிடுவான். பிறகு எங்கள் முன்னால் செய்து காட்டுவான். எங்களுக்கு அது காசில்லாத சினிமா. முதலாளியே ஒருநாள் கதவடியில் நின்று தன்னைப் பார்த்துச் சிரித்தார்.

தொடர்களுக்கு ஆள் எடுக்கிறவர்களுக்கு அவன் காணொளி எடுத்து அனுப்பவேண்டும். களஞ்சிய அறையில் அரிசி மூட்டைகளுக்கு மேலே கொஞ்சம் வெள்ளைச் சுவர் தெரியும். அதன் முன்னால் அவன் நிற்க, மா படிந்த கையைத் துடைத்துவிட்டு நான் அவனுடைய போனைப் பிடிப்பேன். எப்படி எடுத்தாலும் ஓரத்தில் ஒரு மூட்டையின் மூலை விழுந்துவிடும். அவன் அழுவான், கத்துவான், யாரோ ஒரு பெண்ணைப் போகாதே என்பான். முடிந்ததும் “எப்படி அக்கா?” என்று கேட்பான். எல்லாவற்றுக்கும் நான் “நல்லாயிருக்கு” என்றேன். எனக்கு உண்மையில் ஒன்றும் தெரியாது. எந்த அழுகை நல்ல அழுகை என்று யாரும் என்னைக் கேட்டதில்லை.

ஒரு தை மாதக் காலை. பின்னேரம் ஒரு சாமத்தியவீட்டுக்கு இருநூறு றோல்ஸ் போகவேண்டும். நான் சுற்றிக்கொண்டிருந்தேன், தம்பி பக்கத்தில் முட்டை அடித்துக்கொண்டிருந்தான். யாழ்ப்பாணத்திலிருந்து அழைப்பு வந்தது. ஊரில் இருக்கிற என் கூடப்பிறந்த அண்ணையின் மூத்த மகன். “மாமி, அப்பா மோசம் போயிட்டார்” என்றான். நெஞ்சுவலி என்றான், ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக முதலே என்றான். நான் “ஓம்” என்றேன். “ஓம், ஓம், சரி அப்பு, போனை வை” என்றேன். போனை மாப்பையின் மேல் வைத்துவிட்டு அடுத்த றோலைச் சுற்றினேன்.

அண்ணைதான் என்னைக் கொழும்புக்குக் கூட்டிவந்து விமானம் ஏற்றியவர். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்று போயிட்டு வா என்று கை காட்டினார். அதற்குப் பிறகு பதினொரு வருடம் ஞாயிற்றுக்கிழமைகளில் குரல் மட்டும்தான். “விசா அலுவல் என்ன மாதிரி பிள்ளை?” என்று தொடங்கி அதிலேயே முடிப்பார். அன்றைக்கு என் கையில் இருந்தது மூன்று மாதத்துக்கு ஒருமுறை புதுப்பிக்கிற தற்காலிகத் தாள். அதை வைத்துக்கொண்டு எங்கும் பறக்க முடியாது. இதெல்லாம் அப்போது எனக்குள் ஓடியது என்று எழுதினால் நன்றாக இருக்கும். ஒன்றும் ஓடவில்லை. சுற்றினேன், முட்டையில் தோய்த்தேன், பாண்தூளில் புரட்டினேன்.

தட்டு நிறைந்தபோதுதான் அதைப் பார்த்தேன். நாற்பது றோல்ஸ். சாவுச் செய்தி கேட்ட பிறகு, தலை முழுகாமல், துடக்குக் கையால் சுற்றியவை. அடுத்தவர் பிள்ளையின் நல்ல காரியத்துக்குப் போகிறவை. அண்ணை போனது உறைக்கவில்லை, இது உறைத்தது. ஒவ்வொன்றாக எடுத்துக் குப்பைப் பையில் போட்டேன். மொத்தமாகக் கவிழ்த்திருக்கலாம். ஏன் ஒவ்வொன்றாகப் போட்டேன் என்று இன்றைக்கும் தெரியாது. பிறகு மா கரைக்கிற மஞ்சள் ஜக்கை எடுத்துக்கொண்டு பின்முற்றத்துக்குப் போனேன். குப்பைத் தொட்டிகள் கழுவுகிற குழாய் அங்கே இருந்தது. உடுப்போடு நின்று தலையில் ஊற்றினேன். நாலு ஜக்கு.

தம்பி வாசலில் நின்றான். “அக்கா, என்ன இது?” என்றான்.

“ஒண்டுமில்லை, சூடு” என்றேன். அவனுக்கு விளங்கவேண்டும் என்று பிரெஞ்சிலும் சொன்னேன்.

அவன் சிரித்தான். பனி கொட்டுகிற காலையில் வாயில் புகை பறக்க ஒருத்தி சூடு என்றால் யாருக்கும் சிரிப்பு வரும். நான் துவாயைச் சுற்றிக்கொண்டு உள்ளே வந்து மறுபடி நாற்பது சுற்றினேன். முதலாளிக்கு மட்டும், அதுவும் இரண்டு நாள் கழித்துத்தான் சொன்னேன். அண்ணையின் செத்தவீட்டை மறுநாள் விடியப் போனில் பார்த்தேன்; படம் அடிக்கடி உறைந்து நின்றது. பார்த்து முடித்து வேலைக்குப் போனால், தம்பி எல்லோருக்கும் என்னைச் செய்து காட்டிக்கொண்டிருந்தான். தட்டைப் பார்ப்பது, ஒவ்வொன்றாகப் போடுவது, தலையில் ஊற்றுவது, கடைசியில் “சூடு”. சமையல் அண்ணைக்குச் சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. நானும் சிரித்தேன். அச்சு அசல் நான்தான். எனக்கு அவனோடு கோபம் வரவில்லை. எதுவுமே வரவில்லை.

அந்தக் கோடையில் அரிசி மூட்டைக் காணொளி ஒன்று எடுபட்டு அவன் மட்ரிட்டுக்குப் போனான். சிறைக்கூடக் கதை ஒன்றில் நாலாவது பாகத்தில் சாகிற சின்ன வேடம். எழுதியவர்கள் கடைசி நேரத்தில் அவனைச் சாகவிடாமல் வைத்துக்கொண்டார்களாம். அடுத்த பருவத்தில் கதையே அவனைச் சுற்றி நடந்தது. ஒரு வருடத்துக்குள் லா சப்பல் மெத்ரோ நிலையச் சுவரில் அவனுடைய முகம் என் உயரத்துக்கு ஒட்டியிருந்தது. ரூ லூயி-பிளாங்க் தெருவில் போன் உறை விற்கிற கடையில் சாமிப் படம் போட்ட உறைகளுக்குப் பக்கத்தில் அவனும் தொங்கினான். உருளைக்கிழங்குக்காக அவனை நாள்தோறும் ஏசிய முதலாளி, இருவரும் நிற்கிற பழைய படமொன்றைச் சட்டம் போட்டுக் கல்லாவுக்கு மேலே மாட்டிவிட்டு, “என்ரை கையாலை சாப்பிட்டு வளந்தவன்” என்று வாறவர் போறவருக்கெல்லாம் சொல்லத் தொடங்கினார். நான் அந்தச் சுவரைக் கடந்து தினமும் வேலைக்குப் போனேன். முட்டை அடிக்கிறபோது இருந்த முகம்தான், கொஞ்சம் மெலிந்திருந்தது. அந்தக் கடையை விட்டபோது மஞ்சள் ஜக்கை மட்டும் கேட்டு வாங்கி வந்தேன்.

மகளுக்கு இப்போது பதினாறு. அவனோடு நான் வேலை செய்தது அவளுக்குத் தெரியாது. சொல்லக்கூடாது என்றில்லை, சொல்லத் தொடங்கினால் அந்தக் காலைக்குப் போகவேண்டிவரும். போன மாதம் ஒரு ஞாயிறு மத்தியானம் அவனுடைய புதிய தொடரை அவள் கூடத்தில் பார்த்துக்கொண்டிருந்தாள். நான் பக்கத்தில் உடுப்பு மடித்துக்கொண்டிருந்தேன். அதில் அவன் பேக்கரியில் பாண் சுடுகிறவன். தகப்பன் இறந்த செய்தி போனில் வருகிறது. போனை மாவின் மேல் வைத்துவிட்டுப் பிசைகிறான். உருட்டி அடுக்குகிறான். அடுக்கியதைப் பார்க்கிறான். ஒவ்வொன்றாகக் குப்பையில் போடுகிறான். பிறகு முற்றத்துக்குப் போய்க் கண்ணாடி ஜக்கால் உடுப்போடு தலையில் ஊற்றுகிறான். ஏன் என்று யாரோ கேட்க, சூடு என்கிறான். நான் ஒரு சட்டையை மடித்து முடித்து அடுத்ததை எடுத்தேன்.

மகள் அழுதுகொண்டிருந்தாள். அவள் என்னோடு பேசுவது பிரெஞ்சில்தான். “பார்த்தீர்களா, ஒரு சொட்டுக் கண்ணீர் இல்லை, ஆனால் உள்ளே எல்லாம் உடைந்துபோனது தெரிகிறது” என்றாள். பிறகு திரையைப் பார்த்தபடியே சொன்னாள். “மாமா செத்தபோது நீங்களும் அழவில்லை. ஆனால் உங்களுக்கு உள்ளேயும் ஒன்றும் இருக்கவில்லை. வேலையிலிருந்து ஈரம் காயாத தலையோடு வந்து எனக்குச் சொல்வதெழுதல் வைத்தீர்கள். எனக்கு அப்போது ஏழு வயது. நான் செத்தாலும் நீங்கள் இப்படித்தான் இருப்பீர்கள் என்று நினைத்தேன்.”

ஒன்பது வருடம் என் பிள்ளை இதைச் சுமந்திருக்கிறாள். வலிக்கவேண்டும் என்று தெரிந்தது. மடித்த சட்டையையே மறுபடி விரித்து மடித்தேன். அவள் கண்ணைத் துடைத்துவிட்டு அந்தக் காட்சியைப் பற்றிப் போனில் தேடினாள். அவனுடைய நேர்காணல் ஒன்று கிடைத்தது. எனக்கும் கேட்கட்டும் என்று உரக்க வாசித்தாள்.

“அது முதலில் ஒரு பகிடி” என்று சொல்லியிருந்தான். “பாரிசின் வடக்கே ஒரு தமிழ்ச் சமையலறையில் வேலை செய்தேன். அங்கே ஒரு அக்கா குளிர்காலத்தில் அப்படிச் செய்தார். சூடு என்றார். பல வருடம் நண்பர்களைச் சிரிக்கவைக்க அதை நடித்துக் காட்டியிருக்கிறேன். பிறகு என் அப்பா இறந்தார். அன்றைக்குக் குளியலறையில் நான் அதையே தனியாகச் செய்தேன். அப்போதுதான் அந்த அக்காவுக்கு அன்று என்ன நடந்திருக்கும் என்று விளங்கியது. அவரிடம் ஒரு தடவையும் நான் கேட்கவில்லை.”

மகள் வாசிப்பை நிறுத்தினாள். தமிழ்ச் சமையலறை, குளிர்காலம், அக்கா. என் கையில் இருந்த சட்டையைப் பார்த்தாள், என் தலையைப் பார்த்தாள். பிறகு, எப்போதும் இல்லாதபடி, தமிழில் கேட்டாள்.

“அம்மா, அது நீங்களோ?”

“அவன் மூண்டு ஜக்குதான் ஊத்தினவன்” என்றேன். “நான் நாலு.”

அதற்கு மேல் என்னால் முடியவில்லை. மடித்த உடுப்புகளைக் கொண்டுபோய் அலுமாரியில் வைத்தேன். குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்தினேன். மஞ்சள் ஜக்கை நிரப்பித் தலைக்கு மேலே தூக்கினேன். இத்தனை வருடமும் இதால்தான் குளித்தேன், ஒருநாளும் கை தயங்கியதில்லை. அன்றைக்கு ஊற்ற முடியவில்லை. தூக்கிப் பிடித்தபடியே நின்றேன்; வெடித்த கைபிடியடியால் தண்ணீர் முழங்கை வரை வழிந்தது.

மகள் கதவைத் தட்டினாள். “அம்மா, என்ன செய்யிறீங்கள்?”

“ஒண்டுமில்லை” என்றேன். “சூடு.”

 அவள் கதவடியை விட்டுப் போகிற காலடிச் சத்தம் கேட்கவில்லை.