முன்கட்டுக்கும் பின்கட்டுக்கும் நடுவே

பக்கத்து வீட்டில் புருஷனும் பெண்டாட்டியும் காலையிலேயே சண்டையை ஆரம்பித்துவிட்டார்கள். நீ, நீ என்று நேருக்கு நேர். நான் காப்பியை ஆறவிட்டுச் சுவரோரம் நின்று கேட்டுக்கொண்டிருக்கிறேன். இந்த வயதில் இது என்ன புத்தி என்று சிரிப்பீர்கள். பொறாமைதான், வேறென்ன.

கீரமங்கலத்தில் எங்கள் வீட்டுச் சண்டைக்குச் சத்தமே கிடையாது. முன்கட்டில் அப்பாவின் சைக்கிள் கடை, பஞ்சர் ஒட்டும் சொல்யூஷன் வாசம். பின்கட்டில் அம்மாவின் அடுப்படி, ஈர விறகின் புகை. நடுவில் நான், எட்டு வயசுத் தபால்காரி. அம்மாவின் தம்பிக்குக் கல்யாணம் என்று தாத்தா பாக்கு வைத்து அழைக்க வந்த அன்று அப்பா ஊரில் இல்லை. அம்மாவிடம் வைத்துவிட்டுப் போய்விட்டார். வீட்டு மாப்பிள்ளை தன் கையில் வைக்காத பாக்கு பாக்கா? அப்பா கல்யாணத்துக்குப் போகவில்லை, அம்மாவையும் விடவில்லை. அன்றோடு அம்மா அவரிடம் பேச்சை நிறுத்தினாள். அவரும் நிறுத்தினார்.

பேச்செல்லாம் என் வழியாகத்தான். "உப்ப அள்ளிக் கொட்டியிருக்கா, நாக்கு செத்துப்போச்சான்னு கேளு" என்பார் அப்பா. நடையைத் தாண்டுவதற்குள் அதைக் கழுவித் துடைத்து, குழம்பு ருசியாம், உப்புதான் ஒரு கல் கூடயாம் என்பேன். பெரிய கெட்டிக்காரி என்று நினைப்பு. இரண்டு பக்கமும் முள்ளைக் கிள்ளிக் கிள்ளியே ஒரு வருஷம் ஓட்டினேன்.

ஒரு மத்தியானம் அம்மா என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள். "நாளைக்கு எங்கப்பா வீட்டுக்குப் போறேன், இனிமே வரமாட்டேன்னு சொல்லு. இருன்னு அவுக வாயால ஒரு வார்த்தை சொன்னா இருந்துக்கிறேன். அப்படியே சொல்லணும்த்தா."

அப்பா தண்ணீர்த் தொட்டியில் டியூபை முக்கிக் குமிழி பார்த்துக்கொண்டிருந்தார். வரமாட்டேன் என்பது எனக்கு முள்ளாகத் தெரிந்தது. கிள்ளிவிட்டேன். அம்மா தாத்தா வீட்டில் நாலு நாள் இருந்துவிட்டு வரட்டுமாம் என்றேன்.

"தாராளமாப் போகட்டும்" என்றார். முகத்தில் ஒரு தெளிவுகூட இருந்தது. வெகுநாள் கழித்து அவர் வாயிலிருந்து வந்த நல்ல சொல், கிள்ள ஒன்றுமில்லை. அப்படியே கொண்டுபோய்க் கொடுத்தேன். அப்படியா சொன்னாக என்று அம்மா இரண்டு முறை கேட்டாள்.

மறுநாள் ஆவுடையார்கோவில் பஸ்ஸில் போனவள் திரும்பவில்லை. தானாகப் போனவள் தானாக வரட்டும் என்று அப்பாவும் கூப்பிடப் போகவில்லை. கடை போயிற்று, வீடு போயிற்று, இருவரும் வேறு வேறு ஊர் மண்ணில் சாம்பலானார்கள். நான் கிள்ளி எறிந்ததை ஒருவரிடமும் சொன்னதில்லை, இப்போது உங்களிடம்தான்.

அன்று அவள் டிரங்குப் பெட்டியைச் சைக்கிள் கேரியரில் வைத்துத் தள்ளிக்கொண்டு வந்ததும் அப்பாதான். பஸ்ஸில் ஏற்றியதும் அவர்தான். கைக்கெட்டும் தூரத்தில் அம்மா நின்றாள். அவளைப் பார்க்காமல் என்னிடம் சொன்னார்:

"ஒங்கம்மாவச் சன்னலோரமா உக்காரச் சொல்லு. அவளுக்குப் பஸ்ஸுன்னா கொமட்டும்."