போலந்துக் கிழவனின் உம்மா வீடு

அஸர் தொழுதுவிட்டு வந்ததும் றஸாக் மச்சான் போனைச் சீனிப் பேணியில் சாத்தி வைத்து அந்தப் போலந்துப் படத்தைப் போடுவார். அங்கே வேலைக்குப் போன மகன் றிப்தி, "வாப்பா, நான் இருக்கிற ஊரப் பாருங்க" என்று அனுப்பிய படம். எந்நேரமும் பனி. அதற்குள் நினைவு தப்பிவரும் ஒரு கிழவன். அவன் கதைப்பது மச்சானுக்கு ஒரு சொல்லும் விளங்காது. அதை அவர் ஒரு குறையாக எடுப்பதுமில்லை.

சாய்ந்தமருதில் காலமெல்லாம் மீன் விற்ற தொண்டையால் கதையை அவரே கட்டிச் சொல்லுவார். "இந்தத் தொப்பிக்காரி மகள். வீட்ட அவளுக்குச் சீதனமாக் குடுத்திட்டான். இப்ப மருமகன்ட முகத்தப் பார்த்துத் தேத்தண்ணி குடிக்கான்."

"போலந்தில ஏது மச்சான் சீதன வீடு?" என்பேன்.

"அங்க பொம்புளப் புள்ள பொறக்கிறல்லயா?"

அவர் மனைவி சுபைறா ராத்தா, என் பெரியம்மாவின் மகள், அடுப்படியிலிருந்து சிரிப்பாள். "போன கிழம அவள் தங்கச்சி, இண்டைக்கு மகள். நாளைக்குக் கிழவன்ட உம்மாவாக்கிருவாரு!"

ஒரு இடத்தில் மட்டும் மச்சான் போனைக் கையில் எடுத்து முகத்துக்குக் கிட்டப் பிடிப்பார். கிழவன் தான் பிறந்த வீட்டுக் கதவில் சாவியைப் போட்டுத் திருப்புகிறான். திறக்கவில்லை. உள்ளே வேறு ஆட்கள்.

எங்கள் பக்கத்தில் கலியாணம் முடித்த ஆண் பெண்வீட்டுக்குப் போய்விடுவான். உம்மா வீடு சகோதரிக்கு. மச்சான் இந்த வாசலுக்கு மாப்பிள்ளையாக வந்த அன்று, பெண்ணின் தம்பி என்ற முறைக்கு அவர் காலைக் கழுவி, அவர் தன் விரலில் கழற்றித் தந்த மோதிரத்தை வாங்கியவன் நான். மோதிரம் என் விரலில் நிற்காது, அவ்வளவு பெரிசு. இன்றுவரை அதைச் சொல்லிக் காட்டுவேன்.

சில நாளாக அவர் பள்ளிவாசலால் நேரே தன் உம்மா வீட்டுக்குப் போகிறார். "உம்மா எங்க?" என்கிறார். உம்மா மௌத்தாகி அடக்கம் செய்து எவ்வளவோ காலம். அங்கே இருக்கும் அவர் சகோதரி மகள் ஜெனூபாதான் ஆட்டோவில் கொண்டுவந்து விடுவாள்.

"அங்க போறது பறவாயில்ல தம்பி," என்றாள் ராத்தா. "இந்த வாசல மறந்திட்டா?"

நேற்று மஃரிபு தொழுகை முடிந்து வந்தவர் கேற்றடியில் நின்று, விருந்தாளி மாதிரிச் சலாம் சொன்னார். உள்ளே வரவில்லை. ராத்தா முக்காட்டை இழுத்துவிட்டு, "வாங்க மாப்பிள்ள" என்றாள். அவர் என்னைப் பார்த்தார். செருப்பைக் கழற்றி வலது காலை நீட்டினார்.

ராத்தா செம்பை என் கையில் தந்தாள். குனிந்து கழுவினேன். மச்சான் வெறும் விரலைத் திருகித் திருகி எதையோ கழற்றி, என் உள்ளங்கையில் வைத்து மூடிவிட்டு, உள்ளே போனார்.