நாழிகைச் சல்லடையும் பதினோரு நாளும்

“...அது சரி கொழுந்தனாரே, சலிச்சா பெருசு மேல நிக்கும், சிறுசு கீழ விழும். விழுந்தது எங்கன போச்சுன்னு இதுல ஒண்ணுமே இல்லையே?” என்றார் மதினி.

அவர் கையில் இருந்தது என் நாவல். மூன்று வருடம் செல்போனில் தட்டி, ஜெராக்ஸ் கடையில் அச்செடுத்து, கிளிப் போட்ட முந்நூறு பக்கம். அன்று மத்தியானம் பஸ் ஏறி மதுரைக்குப் போய் ஒரு பதிப்பாளரிடம் கொடுப்பதாக ஏற்பாடு. பத்தாவதோடு படிப்பை முடித்துக்கொண்டு, மற்றதையெல்லாம் கடைக்கு வருகிறவர்களின் பேச்சிலிருந்து பொறுக்கிக்கொண்ட ஆள் நான். எனக்கு ஒரு பதிப்பாளர் அகப்பட்டதே பெரிது. வீட்டு ஆள் ஒருவர் பாராட்டி வழியனுப்பினால் நன்றாக இருக்கும் என்று இரண்டு நாள் முன்பு மதினியிடம் படிக்கக் கொடுத்திருந்தேன்.

மதினி, இறந்துபோன என் அண்ணனின் மனைவி. தேனியில் எங்கள் ஏலக்காய்க் கடையை நாங்கள் இருவரும்தான் நடத்துகிறோம். நான் வருகிறவர்களிடம் பேசுகிறேன்; மதினி வேலை பார்க்கிறார்.

நாவல் நடப்பது ஏழ்மடு என்கிற நாட்டில். அங்கே வானத்தில் மூன்று நிலா. நாய்களுக்கு ஆறு கால். மற்றபடி ஆனி மாதம் மேற்கு மலையிலிருந்து சாரல் அடிக்கும். நாய்களின் மூஞ்சி எங்கள் பக்கத்துக் கோம்பை நாயின் மூஞ்சிதான். என் கற்பனைக்கு அதற்குமேல் மலையேற மூச்சு இல்லை. ஆனால் ஒரு பொருளில் எனக்குப் பெருமை உண்டு: நாழிகைச் சல்லடை. வெள்ளி வளையம், சிலந்தி நூலில் பின்னிய கண்ணி. ஒருவர் கழித்த காலத்தை அதில் கொட்டிச் சலித்தால் நல்ல நாழிகைகள் மேலே தங்கும், கெட்டவை விழுந்துவிடும். விழுந்தவை ‘காற்றில் கரைந்தன’ என்று எழுதியிருந்தேன். அந்த இரண்டு சொல்லுக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுதும் செலவானது.

“எந்தச் சல்லடைக்காச்சும் கீழ சாக்கு விரிக்காமச் சலிப்பாகளா? நீங்க இருபது வருசமா காய் யாவாரம் பாக்குறீக.”

சுருக்கென்றது. எங்கள் தொழிலில் சல்லடையைத் தொடுவதற்கு முன்பே சாக்கை விரித்துவிடுவார்கள். மேலே நிற்கும் பெரிய காய் வெளியூர் போகும். கீழே விழும் சிறு காய்க்கு டீக்கடைக்காரர்கள் வருவார்கள், வெடித்த காயின் உள்விதையான அரிசிக்கு மசாலா அரைப்பவர்கள் வருவார்கள். தோலைக்கூட யாராவது கேட்டு வாங்கிப் போவார்கள். தினமும் இதைப் பார்க்கிற நான் முந்நூறு பக்கத்தில் ஒரு சாக்கு விரிக்க மறந்திருக்கிறேன்.

“இது மந்திரச் சல்லடை மதினி” என்றேன்.

“மந்திரமா இருந்தா கூட்டி அள்ள ஆளு வேணாமா?”

சிரித்துவிட்டேன். ஒரு வரி சேர்த்தால் முடிந்தது என்று பேனாவைத் தேடினேன். மதினி சிரிக்கவில்லை. பக்கங்களைப் புரட்டி, இருபத்திரண்டாம் அத்தியாயத்தில் நிறுத்தினார்.

அது நான் அவருக்காகவே எழுதிய அத்தியாயம். அரசி கணவனை இழந்தவள். அவன் நோயில் கிடந்த பதினோரு நாளும் நினைவில் வந்து அவளை வாட்டுகின்றன. மந்திரி அவள் தூங்கும்போது சல்லடையை எடுத்துவந்து, அந்தப் பதினோரு நாளையும் சலித்துத் தள்ளிவிடுகிறான். விழித்தெழுந்த அரசி புன்னகைக்கிறாள். அண்ணன் மதுரையில் ஆஸ்பத்திரியில் கிடந்ததும் பதினோரு நாள்தான். மந்திரி யார் என்று சொல்ல வேண்டியதில்லை. நாவலில் அவனுக்கு ஆறடி உயரம், தொப்பை கிடையாது. மதினி கண்கலங்கி நன்றி சொல்லும்போது ‘அட, இதுல என்ன இருக்கு’ என்று எந்தக் குரலில் சொல்வது என்பதுவரை ஒத்திகை பார்த்து வைத்திருந்தேன்.

“அந்தப் பொம்பளகிட்ட ஒரு வார்த்தை கேட்டாரா உங்க மந்திரி?”

பேனாவைத் தேடுவதை நிறுத்தினேன்.

“கலியாணமாகி இருபத்தாறு வருசம். காலையில கடைக்குப் போனா உங்க அண்ணன் சாப்பாட்டுக்குத்தான் வருவாக. வந்தாலும் காதுல போனு. அந்தப் பதினோரு நாளுதான் என்கிட்ட பேசிட்டே கெடந்தாக. நர்ஸம்மா மாதிரி பேசிக் காட்டுவாக. அவுகளுக்கு வாங்கின ஆரஞ்ச எனக்கு உரிச்சுத் தருவாக. அம்புட்டையும் சேத்துச் சலிச்சுட்டீகளே.”

அந்தப் பதினோரு நாளும் இட்லிப் பொட்டலத்தோடு போய்வந்தவன்தான் நானும். வராந்தாவில் நின்று மற்ற நோயாளிகளின் சொந்தக்காரர்கள் பேசுவதையெல்லாம் டைரியில் குறித்துக்கொண்டிருந்தேன். இரண்டு டைரி நிறைந்தது. அறைக்குள்ளே இருவரும் என்ன பேசினார்கள் என்று கேட்கத் தோன்றவில்லை.

“மாத்தி எழுதிடுறேன் மதினி. அடுத்த மாசம் வர்றேன்னு பதிப்பாளர்கிட்ட சொல்லிக்கிறேன்” என்றேன். வாய் அப்படிச் சொன்னது. கண் சுவர்க் கடிகாரத்துக்குப் போனது.

மதினி அதையும் கவனித்துவிட்டார். “நீங்க கெளம்புங்க, பஸ்ஸு போயிரும். மூணு நெலா நல்லாத்தான் இருக்கு. நாயும் நல்லா இருக்கு.”

பிறகு கிளிப்பைக் கழற்றி, இருபத்திரண்டாம் அத்தியாயத்தின் ஒன்பது தாள்களை மட்டும் உருவினார். நாலாக மடித்துத் தன் கைப்பைக்குள் வைத்து ஜிப்பை இழுத்தார். மிச்சத்தை மேசையில் தட்டிச் சமமாக்கி, கிளிப் போட்டு என்னிடம் நீட்டிவிட்டு, கடை வாசலில் வந்து நின்றவரிடம், “வாங்கண்ணே, என்ன காய் பாக்குறீக?” என்றார்.